வீட்டிலேயே காடோ காடோ செய்யும் முறை

இந்தோனேசியாவின் காடோ காடோவைக் காய்கறிக் கலவை என்று சொல்லிவிடலாம். ஆனால் அதன் உயிர் காயில் இல்லை, வேர்க்கடலைச் சாற்றில்தான் இருக்கிறது. ஜகார்த்தா நகரின் பெத்தாவி மக்களுடைய சமையலோடு சேர்த்துப் பேசப்படும் இந்த உணவை அந்நாட்டுச் சுற்றுலா அமைச்சகம் 2018-இல் ரெண்டாங், சாத்தே, சோத்தோ, நாசி கோரெங் ஆகியவற்றோடு தேசிய உணவுகள் ஐந்தில் ஒன்றாக அறிவித்தது. கேட்டவுடன் கல்லிலேயே சாற்றை அரைத்து, அதே கல்லில் காய்களைப் புரட்டித் தருவது ஒரு வகை. தேங்காய்ப்பாலில் காய்ச்சிய சாற்றைக் காய்களின் மேல் ஊற்றித் தருவது இன்னொரு வகை. வீட்டுக்கு இரண்டாவதே எளிது என்பதால் அதையே இங்கு விளக்குகிறேன்.

நான்கு பேருக்கு 200 கிராம் பச்சை வேர்க்கடலை போதும். கடைகளில் புட்டியில் விற்கும் கடலை வெண்ணெயைத் தயவுசெய்து பயன்படுத்த வேண்டாம். சாறு களிம்புபோல் நாக்கில் ஒட்டும். கடலையை மிதமான சூட்டில் எண்ணெயில் பொரிக்கும்போது, நிறம் பொன்னாக மாறுவதற்குச் சற்று முன்பே எடுத்துவிட வேண்டும், ஏனெனில் வெளியே எடுத்த பிறகும் அதன் உள்சூட்டில் கடலை மேலும் சிவக்கும். கருகிய கடலையின் கசப்பை எத்தனை வெல்லம் போட்டாலும் மறைக்க முடியாது.

அந்த ஊரில் 'சோபேக்' எனப்படும் வட்டமான, ஆழமில்லாத கல்லில் அரைப்பார்கள். நம் அம்மியும் அதே வேலையைச் செய்யும். மூன்று பல் பூண்டு, நான்கைந்து காந்தாரி மிளகாய், சுட்டெடுத்த இறால் விழுது ஒரு சிறு துண்டு, உப்பு ஆகியவற்றை முதலில் மைய அரைத்து, பிறகு 50 கிராம் பனைவெல்லத்தையும், கடைசியில் கடலையையும் சேர்க்க வேண்டும். 'தெராசி' எனப்படும் அந்த இறால் விழுது சுடும்போது வீடு முழுவதும் நாறும். அதற்கு அஞ்சி விட்டுவிட்டால் சாறு வெறும் இனிப்பாக நின்றுவிடும். சைவர்கள் மட்டும் அதற்குப் பதிலாக உப்பைச் சற்றுக் கூட்டிக்கொள்ளலாம். கடலை முற்றிலும் மையாமல், பல்லில் சிறிது தட்டுப்படும் கொரகொரப்போடு இருக்கட்டும்.

அரைத்ததை 300 மில்லி இரண்டாம் தேங்காய்ப்பாலில் கரைத்து, சிறு தீயில் அடிப்பிடிக்காமல் கிளறிக்கொண்டே இருந்தால், ஏறக்குறைய பத்து நிமிடத்தில் விளிம்பில் எண்ணெய் மினுமினுக்கத் தொடங்கும். அதுவே பக்குவம். அப்போது ஒரு மேசைக்கரண்டி கெட்டிப் புளிக்கரைசலை ஊற்றி இறக்கிவிட வேண்டும். ஆறினால் சாறு இறுகும். வெந்நீர் தெளித்து இட்லி மாவுப் பதத்துக்குக் கொண்டு வரலாம்.

காய்களில் உருளைக்கிழங்கைத் தனியாக அவித்துக்கொள்ள வேண்டும். மற்றவற்றை ஒரே கொதிநீரில் வரிசையாகப் போட்டு எடுக்கலாம்: காராமணிக்காய்க்கு மூன்று நிமிடம், முட்டைக்கோசுக்கு இரண்டு, கீரைக்கு அரை நிமிடம், முளைகட்டிய பயறுக்கு அதிலும் குறைவு. வெந்ததும் குளிர்ந்த நீரில் முக்கி, துணியில் பரப்பி உலர்த்த வேண்டும். ஒருமுறை விருந்தினர் வந்துவிட்ட அவசரத்தில் முட்டைக்கோசை ஈரம் வடியாமலே தட்டில் வைத்தேன். பரிமாறுவதற்குள் சாறு நீர்த்து, தட்டின் அடியில் குளமாகத் தேங்கிவிட்டது.

தட்டில் கிழங்கும் அவித்த காய்களும் கீழே, பச்சை வெள்ளரி வில்லைகள் பக்கத்தில், பொரித்த டோஃபுவும் (சோயாப் பனீர்) டெம்பேயும் (புளிக்கவைத்த சோயாக் கட்டி) அவித்த முட்டையும் மேலே என அடுக்கி, சாப்பிட உட்காரும் நேரத்தில்தான் சாற்றை ஊற்ற வேண்டும். வாழையிலையில் வெந்த 'லொந்தோங்' என்னும் அரிசிக்கட்டி சேர்ந்தால் அதுவே முழு உணவாகும். பொரித்த வெங்காயத்தையும், மெலிஞ்சோ விதையைத் தட்டிச் செய்யும் 'எம்பிங்' என்ற லேசாகக் கசக்கும் அப்பளத்தையும் கடைசியில் தூவுங்கள். முன்னதாகத் தூவினால் நமத்துவிடும்.