கேம் நேரலைக்குப் பெயர்ச்சீட்டு ஒட்டும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

புதிதாக கேம் நேரலை தொடங்கியிருக்கும் தம்பி தங்கைகள் சிலருடைய சேனல்களைக் கடந்த சில வாரங்களாக இரவு நேரத்தில் தொடர்ந்து பார்த்து வருகிறேன். விளையாட்டில் அவர்களுக்குக் குறையில்லை. பேச்சில் கலகலப்பு இருக்கிறது. 2021ஆம் ஆண்டில் நான் தொடங்கியபோது எனக்கு வாய்த்ததைவிட ஒலியும் படமும் எவ்வளவோ தெளிவாக இருக்கின்றன. ஆனாலும் பார்வையாளர் எண்ணிக்கை நான்கையும் ஐந்தையும் தாண்டுவதில்லை. நேரலைக்கு அவர்கள் ஒட்டும் பெயர்ச்சீட்டைப் பார்த்தால் காரணம் புரிந்துவிடுகிறது. தலைப்பு, விவரம், ஹேஷ்டேக், கேமின் பெயர், மொழி ஆகிய எல்லா இடங்களிலும், ஒரு காலத்தில் நான் செய்த அதே பிழைகள் மீண்டும் வந்து நிற்கின்றன.

எழுத்துப்பிழை, மங்கலான தம்ப்நெயில், விவரப் பெட்டியைக் காலியாக விடுவது போன்றவற்றைப் பற்றி இங்கே எழுதப் போவதில்லை. அவை பளிச்சென்று தெரிவதால் யாராவது ஒருவர் சாட்டில் சொல்லிவிடுவார், மறுநாளே சரியாகிவிடும். வெளியே தெரியாமல் மாதக்கணக்கில் நம் உழைப்பை விழுங்கும் பிழைகளைப் பற்றியே எழுத விரும்புகிறேன்.

நேற்றைய கேம் பெயரோடு இன்றைய நேரலை

இந்த ஒன்றை நினைத்தால் எனக்கு இன்றும் வயிறு எரிகிறது.

யூடியூபில் நேரலையின் விவரங்களைத் திருத்தும் பக்கத்தில் வகையாக கேமிங் என்பதைத் தேர்ந்தெடுத்தால், கேமின் பெயரைக் குறிப்பதற்கென்று தனியாக ஒரு பெட்டி வரும். அதில் நாம் தேர்ந்தெடுக்கும் பெயர் வீடியோவின் கீழே படத்தோடு காட்டப்படுவதுடன், அந்த விளையாட்டின் பக்கத்தோடு நம் நேரலையை இணைக்கவும் செய்கிறது. ட்விட்ச் என்ற நேரலைத் தளத்தில் இதே வேலையைச் செய்வது கேட்டகிரி. அங்கே பார்வையாளர்களில் பலர் தமக்குப் பிடித்த கேமின் கேட்டகிரியைத் திறந்து, அதில் ஓடிக்கொண்டிருக்கும் நேரலைகளின் வரிசையைப் பார்த்துத்தான் உள்ளே வருகிறார்கள் என்பதால், தலைப்பைவிடவும் அதுவே முக்கியமானது.

இரண்டு தளங்களுமே நம் வசதிக்காக முந்தைய விவரங்களை நினைவில் வைத்திருக்கின்றன. யூடியூபில் பழைய நேரலையின் அமைப்புகளை அப்படியே மறுபடி எடுத்துக்கொள்ளலாம். ட்விட்சில் நாம் கை வைத்து மாற்றும் வரையில் பழைய தலைப்பும் கேட்டகிரியும் டேக்குகளும் மாறாமல் இருக்கும். தினமும் ஒரே கேம் ஆடுபவருக்கு இது பெரிய உதவி. கேமை மாற்றுபவருக்கோ இதுதான் குழி.

2022 ஜூலை 28 அன்று, பப்ஜி மொபைலின் இந்தியப் பதிப்பான பிஜிஎம்ஐ ஆப் ஸ்டோர்களிலிருந்து நீக்கப்பட்டது. அதை மட்டுமே நம்பி நேரலை நடத்திக்கொண்டிருந்த என்னைப் போன்ற பலர் அப்போது வேறு கேமுக்கு நகர்ந்தோம். நான், பிளாக் எனப்படும் கட்டைகளை அடுக்கிக் கட்டும் மைன்கிராஃப்டுக்குப் போனேன். சும்மா விளையாடக் கூடாது, ஏதாவது ஒன்றை உருப்படியாகக் கட்ட வேண்டும் என்ற ஆசையில், தஞ்சைப் பெரிய கோயிலின் விமானத்தை எடுத்துக்கொண்டேன். மைன்கிராஃப்டில் ஒரு பிளாக் ஒரு மீட்டருக்குச் சமம். விமானத்தின் உயரம் ஏறத்தாழ 66 மீட்டர் என்பதால், 66 பிளாக் உயரத்தில் 13 நிலைகளையும் படிப்படியாக உள்ளே இழுத்துக் கட்ட வேண்டும். அச்செடுத்த புகைப்படங்களை மேசையில் பரப்பி வைத்துக்கொண்டு, தினமும் இரவு 9 மணி முதல் 11.30 வரை 11 இரவுகள் கட்டினேன்.

தலைப்பில் மைன்கிராஃப்ட் என்றும் தஞ்சைப் பெரிய கோயில் என்றும் சரியாகத்தான் எழுதியிருந்தேன், விவரத்திலும் பிழையில்லை. ஆனால் பழைய அமைப்புகளை மறுபடி எடுத்தபோது கேம் பெயர்ப் பெட்டியில் பிஜிஎம்ஐ என்பது அப்படியே தங்கிவிட்டது. அந்தப் பெட்டி பக்கத்தின் அடியில் இருந்ததால் நான் கீழே நகர்த்திப் பார்க்கவேயில்லை. வந்தவர்கள் எல்லோரும் துப்பாக்கிச் சண்டையை எதிர்பார்த்து வந்தார்கள். "அண்ணா, மேட்ச் எப்போ?" என்று கேட்டுவிட்டு, நான் மணற்கல் பிளாக்கை அடுக்கிக்கொண்டிருப்பதைப் பார்த்து அரை நிமிடத்தில் போய்விட்டார்கள். தமிழ்ப் பார்வையாளர்களுக்கு இப்படிப் பொறுமையாகக் கட்டும் விளையாட்டு பிடிக்கவில்லை என்று நான் முடிவு கட்டிவிட்டேன். ஒருநாள் நேரலையில் அதை வாய்விட்டும் சொன்னேன். அப்படிச் சொன்னது இன்றும் உறுத்துகிறது.

12ஆம் இரவு, கட்டடக்கலை படிக்கும் ஒரு மாணவர் சாட்டில் எழுதினார்: "அண்ணா, ஒரு வாரமா மைன்கிராஃப்ட் தமிழ் லைவ் தேடிட்டு இருக்கேன், உங்களோடது கண்ணுலயே படலை. ஃப்ரெண்டு லிங்க் அனுப்பினதாலதான் வந்தேன். கீழ வேற கேம் பேரு இருக்கே, பாத்தீங்களா?" நேரலை ஓடிக்கொண்டிருந்தபோதே கைப்பேசியில் என் சேனலைத் திறந்து பார்த்தேன். 9ஆம் நிலை வரை எழும்பியிருந்த கோயிலின் கீழே பிஜிஎம்ஐ என்று இருந்தது.

பதிவாகிவிட்ட 11 வீடியோக்களிலும் பெயரை அன்றிரவே திருத்தினேன். நேரலை முடிந்த பிறகும் அந்தப் பெட்டியைத் திருத்த முடியும். ஆனால் அந்த 11 இரவுகளில் வந்திருக்க வேண்டியவர்களை எப்படித் திரும்ப அழைப்பது? அந்த மாணவர் வந்த முதல் இரவிலேயே, நான் கட்டியிருந்த மூலைத் திருப்பங்களில் மூன்று பிழைகளைக் காட்டினார். அவரைப் போல இன்னும் நான்கு பேர் முதல் இரவே இருந்திருந்தால் இரண்டாம் நிலையை மூன்று முறை இடித்துக் கட்டியிருக்க மாட்டேன். பதிவை எத்தனை பேர் பிறகு பார்த்தாலும், கட்டும்போது கூட இருந்து கை காட்ட அவர்களால் முடியாது.

ஆகவே பழைய அமைப்புகளை எடுத்துக்கொள்வது தவறில்லை. எடுத்த பிறகு கேம் பெயர்ப் பெட்டி வரை பக்கத்தைக் கீழே நகர்த்திப் பார்க்காமல் நேரலைப் பொத்தானை அழுத்துவதுதான் தவறு. ஒரே இரவில் இரண்டு கேம் ஆடுபவர்கள் இன்னும் கவனமாக இருக்க வேண்டும். ட்விட்சில் கேம் மாறிய உடனே கேட்டகிரியை மாற்றிவிடலாம், பதிவிலும் அது தனித்தனிப் பகுதியாகப் பிரிந்து தெரியும். யூடியூபில் ஒரு நேரலைக்கு ஒரு கேம் பெயர்தான். இரண்டாவது கேமை அரை மணி நேரத்துக்கு மேல் ஆடுவதாக இருந்தால், முதல் நேரலையை முடித்துவிட்டு இன்னொன்றைத் தொடங்குவதே நல்லது. பட்டியலிலிருந்து பெயரைத் தேர்ந்தெடுக்கும்போதும் நிதானம் வேண்டும். ஃப்ரீ ஃபயர் இந்தியாவில் 2022 பிப்ரவரியில் தடை செய்யப்பட்டது. இங்கே தொடர்ந்து ஆடப்பட்டது ஃப்ரீ ஃபயர் மேக்ஸ். அவசரத்தில் முதலில் கண்ணில் பட்ட பெயரை அழுத்திவிட்டுப் போகும் தம்பிகளை இந்த மாதம்கூடப் பார்த்தேன்.

மக்கள் வழங்கும் பெயரை ஒதுக்குவது

பப்ஜி மொபைலை இந்திய அரசு 2020 செப்டம்பர் 2 அன்று தடை செய்தது. பிஜிஎம்ஐ 2021 ஜூலை 2 அன்று வெளியானது. இத்தனை ஆண்டுகள் ஆகியும் எங்கள் தெருவில் யாரும் பிஜிஎம்ஐ என்று சொல்லி நான் கேட்டதில்லை. எல்லோருக்கும் அது பப்ஜிதான். கேம் பெயர்ப் பெட்டியிலும் தலைப்பிலும் முறையான பெயர் இருக்கட்டும். விவரத்தின் முதல் இரண்டு வரிகளுக்குள் வழக்குப் பெயரும் ஒருமுறை இயல்பாக வந்துவிட வேண்டும். யூடியூபின் டேக் பெட்டிக்கு மொத்தம் 500 எழுத்துக்குறிகள் வரை இடமுண்டு என்றாலும், தேடலில் அதன் பங்கு மிகச் சிறியது என்று யூடியூபே சொல்கிறது. மக்கள் வழக்கமாகத் தப்பாகத் தட்டும் பெயர்களை அங்கே போட்டால் போதும். அதை நிரப்ப அரை மணி நேரம் செலவிட வேண்டாம்.

ஹேஷ்டேக் குவியல்

2007ஆம் ஆண்டு ஆகஸ்டில் கிறிஸ் மெசினா என்ற வடிவமைப்பாளர் ட்விட்டரில் # என்ற இந்தக் குறியை முன்மொழிந்தபோது, ஒரே பொருளைப் பற்றிப் பேசும் குழுக்களைச் சேர்ப்பதற்காகத்தான் முன்மொழிந்தார். எனவே ஒரு ஹேஷ்டேக்கை எழுதும் முன், இந்தப் பெயரில் கூடியிருப்பவர்கள் என் நேரலையைப் பார்க்கக் கூடியவர்களா என்று கேட்டுக்கொள்வது போதும். "கேமிங்" என்பதும் "லைவ்" என்பதும் கடல். அதில் விழுந்த நேரலையை யாரும் தேடி எடுக்கப் போவதில்லை. கேமின் பெயரோடு தமிழ் என்பதைச் சேர்த்த ஒன்று, இன்று ஆடும் வகையைச் சொல்லும் ஒன்று, உங்கள் தொடரின் பெயர் ஒன்று. இந்த மூன்றே எனக்குப் போதுமானதாக இருந்திருக்கிறது. விவரத்தில் எத்தனை எழுதினாலும் யூடியூபில் தலைப்பருகே காட்டப்படுபவை மூன்று வரைதான். 60ஐத் தாண்டினால் எல்லா ஹேஷ்டேக்கையும் சேர்த்தே தளம் புறக்கணித்துவிடும். வேறு யாரோ தொகுத்துக் கொடுத்த நீண்ட பட்டியலைக் கைப்பேசியில் சேமித்து வைத்து, தினமும் அப்படியே ஒட்டும் பழக்கம் பல தம்பிகளிடம் இருக்கிறது. அந்தப் பட்டியலை இன்றே அழித்துவிடுங்கள்.

ஹேஷ்டேக்கில் இடைவெளி

"#தமிழ் கேமிங்" என்று எழுதினால் ஹேஷ்டேக் ஆவது "தமிழ்" மட்டுமே.

தமிழ் எழுத்தில் மறைந்திருக்கும் சிக்கல்

தமிழில் தலைப்பு வைப்பவர்கள் குறைவு. வைப்பவர்களையும் இது தடுமாறச் செய்கிறது என்பதால் சற்று விரிவாகச் சொல்கிறேன். முழுநிலவு இரவில் பேய் கேம் ஆடும் ஒரு தங்கை, "பௌர்ணமி ஸ்பெஷல்" என்ற பெயரில் தொடர் நடத்துகிறார். அந்தப் பெயரைத் தட்டித் தேடினால் அவருடைய நேரலைகளில் பாதி வரவேயில்லை. எடுத்துப் பார்த்தபோது, சில தலைப்புகளில் "பௌ" என்று சரியாகவும், சிலவற்றில் ஒற்றைக்கொம்பு, ப, அதை அடுத்து ள என்ற எழுத்து என்று "பெள" ஆகவும் தட்டியிருந்தார். பல எழுத்துருக்களில் இரண்டும் கண்ணுக்கு ஒன்றுபோலவே தெரியும். கணினிக்கு இவை வேறு வேறு சொற்கள். ஔகாரம் வரும் எழுத்தைத் தட்டிய உடனே ஒருமுறை அழிப்பானை அழுத்திப் பாருங்கள்: ள மட்டும் அழிந்து "பெ" மிஞ்சினால் தப்பாகத் தட்டியிருக்கிறீர்கள்.

இடக் கணக்கும் உண்டு. யூடியூபில் தலைப்புக்கு 100, ட்விட்சில் 140 என்ற வரம்பை எண்ணும்போது கொம்பு, கால், புள்ளி எல்லாம் தனித்தனியாகக் கணக்கில் சேரும். "தமிழ்" என்பது நமக்கு மூன்று எழுத்து, கணக்கில் ஐந்து. இதனால்தான் பாதித் தலைப்பிலேயே இடம் தீர்ந்துவிடுகிறது.

தேடுபவர்கள் எப்படித் தட்டுகிறார்கள் என்பதை ஊகிக்கவும் தேவையில்லை. யூடியூப் ஸ்டுடியோவின் அனலிட்டிக்ஸில், தேடல் வழியாக வந்தவர்கள் தட்டிய சொற்களைப் பார்க்கலாம். என் சேனலில் கேமின் பெயரைப் பெரும்பாலோர் ஆங்கில எழுத்திலும், தொடரின் பெயரைத் தமிழ் எழுத்திலும் தட்டியிருந்தார்கள். அன்றிலிருந்து நானும் கேமின் பெயரை ஆங்கில எழுத்திலும் மற்றதைத் தமிழிலும் எழுதுகிறேன்.

வணக்கத்தில் தொடங்கும் தலைப்பு

"வணக்கம் மக்களே, வாங்க விளையாடலாம்" என்ற தலைப்பில் அன்பு இருக்கிறது, கேம் இல்லை. கைப்பேசியில் தலைப்பின் பின்பாதி வெட்டுப்படும். ஆகவே கேமின் பெயர் முதலிலும், இன்றைக்கு என்ன நடக்கப் போகிறது என்பது அதை ஒட்டியும் வர வேண்டும். வணக்கத்தை நேரலையில் வாயால் சொல்லலாம்.

மொழியைக் குறிக்காமல் விடுவது

தமிழில் பேசினால், மொழிக்கான இடத்தில் தமிழ் என்று குறியுங்கள்.

பெரிய கேமின் பெயரைக் கடன் வாங்குவது

செய்யாதீர்கள். ஆடாத கேமின் பெயரைத் தலைப்பிலோ டேக்கிலோ போடுவது யூடியூபின் விதிகளுக்கு எதிரானது. ஏமாந்து உள்ளே வந்தவர் அடுத்த முறை உங்கள் பெயரைப் பார்த்தாலே விலகிப் போவார்.

லிங்கை அனுப்பிவிட்டுத் தலைப்பை மாற்றுவது

வாட்ஸ்அப் குழுவில் லிங்கை ஒட்டும்போது அந்த நொடியில் இருக்கும் தலைப்புதான் முன்னோட்டமாகப் போய் நிற்கும். பிறகு நீங்கள் தலைப்பை எவ்வளவு அழகாகத் திருத்தினாலும் அனுப்பிய செய்தியில் நேற்றைய தலைப்புதான் இருக்கும். முதலில் பெயர்ச்சீட்டை முடித்துவிட்டு, அதன் பிறகு லிங்கை எடுங்கள்.

முடிந்த பிறகும் "இன்று இரவு லைவ்"

நேரலை முடிந்ததும் பெரும்பாலோர் அந்தப் பக்கத்தைத் திரும்பிப் பார்ப்பதில்லை. ஆறு மாதத்துக்குப் பிறகு தேடி வருபவருக்கு "இன்று இரவு 9 மணிக்கு லைவ்" என்ற தலைப்பு எதையும் சொல்வதில்லை. மறுநாள் காலையில் பத்து நிமிடம் ஒதுக்கி, நேரத்தைக் குறிக்கும் சொற்களை நீக்கிவிட்டு, அன்று உண்மையில் நடந்ததைத் தலைப்பாக்குங்கள். விவரத்தில் நேரக்குறிப்புகளையும் சேருங்கள். முதல் குறிப்பு 0:00 என்று தொடங்கி, குறைந்தது மூன்று குறிப்புகள் இருந்து, ஒவ்வொரு பகுதியும் 10 வினாடிக்குக் குறையாமல் இருந்தால் யூடியூப் வீடியோவைப் பகுதிகளாகப் பிரித்துக் காட்டும். பெரிய கோயில் தொடரின் கடைசி இரவுக்கு நான் இட்ட குறிப்புகள் இவை: 0:00 முந்தைய இரவின் பிழைகளைத் திருத்துதல், 0:41:20 13ஆம் நிலை, 1:25:05 சிகரம், 2:10:30 கலசம்.