ஊருணித் தண்ணீரைப் படமெடுக்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

போன ஞாயிறு காரைக்குடிப் பக்கம் ஓர் ஊருணிக்கரையில் கேமராவோடு நாலு பிள்ளைகளைப் பார்த்தேன். தண்ணீருக்குள் இருக்கும் படிக்கல்லை எடுக்க, லென்ஸ் முன்னால் மாட்டிப் பளபளப்பை மறிக்கும் போலரைசர் பில்டரைத் திருகிக்கொண்டே இருந்தார்கள். பளபளப்பு போகவில்லை. பல வருஷம் முன்பு நானும் அப்படித்தான் நின்றேன். லென்ஸ் மூடி, மெமரி கார்டு பற்றியெல்லாம் சொல்லப் போவதில்லை.

நேர் கீழே குனிந்து எடுப்பது

திருகினால் போதும் என்ற நினைப்புதான் காசைத் தின்னும். ஊருணியைத் தூர்வாரிய ஒரு குடும்பத்தார், தண்ணீருக்குள் பழைய படிகள் தெரிகிற மாதிரிப் படம் கேட்டார்கள். மேல்படியில் நின்று நேர் கீழே எடுத்தேன். எல்லாப் படத்திலும் வானம்தான் வெள்ளையாகக் கிடந்தது. பில்டர் மட்டம் என்று மதுரைக்குப் போய் மூன்று மடங்கு விலையில் வேறொன்று வாங்கி வந்தேன். அதிலும் அதே வெள்ளை. அதற்குள் மழை பெய்து தண்ணீர் செம்மண்ணாகிவிட்டது. முன்பணத்தைத் திருப்பிக் கொடுத்தேன். இன்றைக்கும் எரிச்சலாக இருக்கிறது. சாய்வாகப் பார்த்திருந்தால் முடிந்திருக்கும்.

வெயில் எல்லாப் பக்கமும் அதிர்ந்துகொண்டு வருகிறது. தண்ணீரில் பட்டால் பாதை இரண்டாகும்: ஒரு கதிர் திரும்பும், ஒன்று உள்ளே இறங்கும். இரண்டுக்கும் நடுவே சரியாக 90 பாகை அமைகிற சாய்வு ஒன்று உண்டு. ஒளி தண்ணீரிலுள்ள எலக்ட்ரானை அதிரவைக்கும்; அந்த எலக்ட்ரான்தான் ஒளியைத் திருப்பி அனுப்புகிறது, ஆனால் தான் அதிரும் திசையிலேயே அனுப்பாது. அந்தச் சாய்வில் மேலும் கீழுமான அதிர்வு, திரும்பும் கதிரின் திசையிலேயே விழும். அதனால் அந்தச் சாய்வில், தண்ணீர்ப் பரப்புக்கு இணையாக அதிரும் ஒளி மட்டும்தான் திரும்பி வரும். பாடப்புத்தகத்தில் தளவிளைவு என்று படித்தோமே, அதுதான். ஒரே பக்கம் அதிர்வதால் பில்டர் அதை அப்படியே மறித்துவிடும்.

டேவிட் புரூஸ்டர் 1815-இல் இதற்குக் கணக்கு சொன்னார்: நெட்டுக்குத்துக் கோட்டிலிருந்து அளந்த அந்தக் கோணத்தின் டேன்ஜென்ட்தான் (தள்ளியிருக்கும் தூரத்தை உயரத்தால் வகுத்தது) ஒளிவிலகல் எண், அதாவது ஒளி உள்ளே இறங்கும்போது எவ்வளவு வளையும் என்று சொல்லும் எண். தண்ணீருக்கு 1.33, அதாவது மூன்று பங்கு உயரத்துக்கு நாலு பங்கு தூரம். கேமரா தண்ணீருக்கு மேலே 6 அடி உயரத்தில் இருந்தால், 8 அடி தள்ளியிருக்கும் தண்ணீரைப் பாருங்கள். நேர் கீழே பார்த்தால் திரும்பும் ஒளியில் இந்தத் தளவிளைவே கிடையாது. பில்டருக்கு மறிக்க ஒன்றும் இருக்காது.

அந்தப் பிள்ளைகளில் ஒருத்தனை எதிர்ப்படியோரத் தண்ணீரைப் பார்க்கச் சொன்னேன். வளையத்தை மெல்லத் திருகினான். வெள்ளை விலகியது, படியின் விளிம்பு, அதில் பாசி, அப்புறம் பாசியைக் கொத்தும் கெண்டைக் குஞ்சு. "அண்ணே, மீனு!" என்றான்.

கேமராவை நெட்டுக்குத்தாகத் திருப்பிவிட்டு பில்டரை மறப்பது

மறுபடி திருகுங்கள்.

தண்ணீரில் தெரியும் கோபுரப் பிம்பத்தை எடுக்கப் பில்டர் போடுவது

கழற்றுங்கள். பிம்பத்தையே அழித்துவிடும்.

பித்தளை அண்டாவின் பளபளப்பு

போகாது. அது உலோகம்; அதிலிருந்து திரும்பும் ஒளி இப்படி ஒரே பக்கம் அதிராது.

செட்டிநாட்டு வீட்டு வளவுக்குள்ளும் தண்ணீர்க் கணக்கையே போடுவது

தேயத் தேயப் பளபளக்கும் ஆத்தங்குடித் தரைக்கல்லுக்குச் சாய்வு கொஞ்சம் மாறும்: உயரத்தைப்போல் ஏறத்தாழ ஒன்றரை மடங்கு தள்ளிப் பாருங்கள். பில்டர் பாதி வெளிச்சத்துக்கு மேல் தின்றுவிடும். முற்றத்து வெயில் எட்டாத மூலையில் ஸ்டாண்ட் இல்லாமல் எடுக்காதீர்கள்.