வீட்டு வாத்துகளைப் பறவைக் காய்ச்சலிலிருந்து காப்பது எப்படி?

வீட்டுக் கொல்லையில் பத்து, இருபது வாத்து வாங்கி விட்டிருப்பவர்களை மனதில் வைத்து இதை எழுதுகிறேன். பெரிய பண்ணைகளுக்கு மருத்துவர் வந்து போவார். வலை, வேலி, கிருமிநாசினி எல்லாம் இருக்கும். கொல்லையில் வளர்ப்பவருக்கு வாய்க்காலும் வயலும்தான் பண்ணை. நோய் உள்ளே வரும் வழியும் அதுவே.

முதலில் ஒன்றைத் தெரிந்துகொள்ளுங்கள்

கோழிக்குப் பறவைக் காய்ச்சல் வந்தால் மறைக்கவே முடியாது. காலையில் தீனி தின்ற கோழி மாலையில் செத்துக் கிடக்கும். சில நாளில் கூடு காலியாகிவிடும். வாத்து அப்படியில்லை. சில வகை வைரஸ் தாக்கினால் வாத்தும் கொத்துக் கொத்தாகச் சாகும். ஆனால் பல நேரம் நன்றாகத் தின்று, நீந்தி, முட்டையும் இட்டுக்கொண்டே எச்சத்தின் வழியாக வைரஸை வெளியே விட்டுக்கொண்டிருக்கும். காட்டு வாத்துகளின் குடலில் காலங்காலமாகக் குடியிருக்கும் வைரஸ் குடும்பம் இது. ஆகவே "என் வாத்து நல்லாத்தானே இருக்கு" என்பதை மட்டும் வைத்து எந்த முடிவுக்கும் வரக் கூடாது. கீழே நான் சொல்லும் பெரும்பாலானவற்றுக்கு இதுதான் காரணம்.

கேரளத்தின் குட்டநாட்டைப் பாருங்கள். 2014 நவம்பரில் ஆலப்புழை, கோட்டயம், பத்தனம்திட்டை மாவட்டங்களில் வாத்துகள் ஆயிரக்கணக்கில் செத்தன. பறவைக் காய்ச்சல் வைரஸில் ஒரு வகையான எச்5என்1 என்று உறுதியானது. 2016-இல் எச்5என்8 என்ற இன்னொரு வகை வந்தது. 2021 ஜனவரியில் அது மறுபடி வந்தது. 2024 ஏப்ரலில் எடத்துவா, செறுதனை ஊராட்சிகளில் மீண்டும் எச்5என்1. ஏன் திரும்பத் திரும்ப அங்கேயே? கடல்மட்டத்துக்குக் கீழே கிடக்கும் வயல்கள், அறுவடை முடிந்தும் வடியாத தண்ணீர், சிந்திய நெல்லுக்கும் நத்தைக்கும் இறங்கும் வாத்து மந்தைகள், அதே தண்ணீரில் வலசை வந்த நீர்ப்பறவைகள். ஒரு வயலில் தீனி தீர்ந்தால் மந்தை அடுத்த வயலுக்குப் போகும், கூடவே வைரஸும் போகும். நம் ஊரிலும் அறுவடை முடிந்த வயல்களில் வாத்து மேய்ப்பவர்கள் இருக்கிறார்கள். கேரளத்தில் நோய் உறுதியானதும் கோவை, தேனி, தென்காசி, கன்னியாகுமரி பக்கத்துச் சோதனைச் சாவடிகளில் வண்டிகளுக்கு மருந்து தெளிப்பதும் இதனால்தான்.

படி 1: தண்ணீரைப் பிரித்துவையுங்கள்

ஒன்றை மட்டும்தான் செய்ய முடியும் என்றால் இதைச் செய்யுங்கள். வைரஸ் குளிர்ந்த தண்ணீரில் வாரக்கணக்கில் தாக்குப்பிடிக்கும்; வெயிலும் சூடும் ஏற ஏறச் சீக்கிரம் அழியும். அக்டோபர் முதல் மார்ச் வரை ஊசிவால் வாத்து, நீலச்சிறகி போன்றவை நம் ஏரிகளுக்கு வரும். கூந்தன்குளத்துக்கு வரித்தலை வாத்தும் வரும். 2021 ஜனவரியில் இமாசலப் பிரதேசத்தின் பாங் அணையில் எச்5என்1 தாக்கி ஆயிரக்கணக்கில் மடிந்த பறவைகளில் பெரும்பாலானவை இந்த வரித்தலை வாத்துகள்தான். அதற்காக வலசைப் பறவைகளை விரட்டவோ அடிக்கவோ வேண்டாம். விரட்டினால் கலைந்து பல குளங்களுக்குப் பரவும், நமக்குத்தான் கேடு. நம் வாத்தை அந்தத் தண்ணீரில் விடாமல் இருந்தால் போதும்.

வாத்துக்கு நீந்தக் குளம் வேண்டும் என்பதில்லை. தலையை முழுதாக முக்கி எடுக்கும் ஆழத்துக்கு ஒரு தொட்டி போதும். கண்ணும் மூக்கும் சுத்தமாக இருக்க அந்த ஆழம் தேவை. ஆழ்துளைக் கிணற்றுத் தண்ணீரோ குழாய்த் தண்ணீரோ ஊற்றுங்கள். தினமும் கொட்டி, தேய்த்துக் கழுவி, புதிதாக நிரப்புங்கள். பழைய தண்ணீரை வாய்க்காலில் விடாதீர்கள். கீழ்ப்பக்கம் இன்னொருவர் வாத்தும் அதைக் குடிக்கும்.

படி 2: தீவனம், கூடு, கோழி

தீவனத்தைத் திறந்தவெளியில் இறைத்தால் காக்கையும் கொக்கும் வரும். ராஜஸ்தானில் ஜாலாவாரில் 2020 டிசம்பர் கடைசியில் காக்கைகள் செத்து விழுந்தபோதுதான் அந்தப் பருவத்தின் நோய்ப் பரவல் வெளியே தெரிந்தது. கூரைக்குக் கீழே தீனி வையுங்கள். மிச்சத்தை அன்றன்றே எடுத்துவிடுங்கள். பக்கவாட்டில் மீன்வலை கட்டினாலே பாதிப் பிரச்சினை தீரும்.

கோழியையும் வாத்தையும் ஒரே பட்டியில் அடைக்காதீர்கள். வாத்து தாங்கிக்கொள்ளும் வைரஸ் கோழிக்கு எமன்.

படி 3: புதிதாக வாங்கினால்

சந்தையில் வாங்கிய குஞ்சோ, மேய்ச்சல் மந்தையிலிருந்து விலைக்கு வந்ததோ, எதுவானாலும் மூன்று வாரம் தனியாக வையுங்கள். தனி என்றால் தண்ணீர்த் தொட்டி, தீனித் தட்டு, முடிந்தால் செருப்பும் தனி. பழைய வாத்துகளைக் கவனித்துவிட்டு அப்புறம் புதியவற்றிடம் போங்கள், வரிசையை மாற்றாதீர்கள்.

படி 4: செருப்பு, அட்டை, வண்டி

வைரஸ் பறந்து வருவதைவிட நம் காலில் ஒட்டி வருவதுதான் அதிகம். பட்டிக்கென்று ஒரு ஜோடி செருப்பு வையுங்கள், அது வாசலைத் தாண்டக் கூடாது. மற்றவர் கொடுத்த முட்டை அட்டையைத் திரும்பப் பயன்படுத்தாதீர்கள். வாங்க வரும் வியாபாரி பட்டிக்குள் இறங்க வேண்டாம், வாத்தை நீங்களே பிடித்து வெளியே கொண்டுபோய்க் கொடுங்கள். அவர் கோபித்துக்கொண்டாலும் பரவாயில்லை.

கிருமிநாசினிக்குப் பெரிய செலவில்லை. ஒரு லிட்டர் தண்ணீருக்கு 30 கிராம் பிளீச்சிங் பவுடர் கலந்தால் ஏறக்குறைய ஒரு சதவீதக் குளோரின் கரைசல் கிடைக்கும். ஆனால் எச்சமும் சேறும் ஒட்டியிருக்கும் இடத்தில் அதை ஊற்றினால் வீண். அழுக்கே குளோரினைத் தின்றுவிடும். முதலில் சோப்புத் தண்ணீரால் தேய்த்துக் கழுவுங்கள், பிறகு கரைசல். கைக்கும் சோப்பு போதும். இந்த வைரஸின் மேலுறை கொழுப்பால் ஆனது, சோப்பு அதை உடைத்துவிடும்.

படி 5: தினமும் ஐந்து நிமிடம் பாருங்கள்

காலையில் பட்டியைத் திறந்ததும் உடனே விரட்டிவிடாமல் நின்று பாருங்கள். முதலில் கண். கருவிழி பளிச்சென்று கறுப்பாக இல்லாமல், நீலம் பாய்ந்த வெள்ளைப் படலம் மூடியிருக்கிறதா? அப்படி இருந்தால் அந்த வாத்து தீனித் தட்டைத் தாண்டி வெறும் தரையைக் கொத்தும். அடுத்து கழுத்து. ஒரு பக்கமாக முறுகி, தலை முதுகை நோக்கித் திரும்பினால் மூளையைத் தாக்கியிருக்கலாம். தண்ணீரில் ஒரே இடத்தில் வட்டமடிப்பது, நடக்கும்போது தள்ளாடி விழுவது, பச்சை நிறக் கழிச்சல், முட்டை சட்டென்று குறைவது, குஞ்சுகள் அடுத்தடுத்துச் சாவது எல்லாமே எச்சரிக்கைதான். கோழி என்றால் கொண்டையும் தாடியும் நீலம் பாரிக்கும், முகம் வீங்கும், கால் தோலில் ரத்தத் திட்டுகள் தெரியும்.

இந்த அறிகுறிகளில் சில, வாத்து பிளேக், வாத்துக் காலரா போன்ற நோய்களிலும் வரும். அழுகிய குட்டையில் மேய்ந்து நச்சு ஏறினால் கழுத்து முறுகாது, துவண்டு தொங்கும். எது என்று கண்ணால் பார்த்து நாம் முடிவு செய்ய முடியாது. ஆய்வகம்தான் சொல்ல வேண்டும். பறவைக் காய்ச்சலுக்கு, அதாவது எச்5 வகைக்கு, நம் நாட்டில் தடுப்பூசி போட அனுமதியில்லை. பிரான்ஸ் 2023 அக்டோபரிலிருந்து வாத்துகளுக்குப் போட்டு வருகிறது. வாத்து பிளேக்குக்கு நம்மிடமும் தடுப்பூசி உண்டு. அதைத் தவறாமல் போட்டுவிடுங்கள், சந்தேகப்பட வேண்டிய நோய்களில் ஒன்று குறையும்.

படி 6: சந்தேகம் வந்தால்

அன்றே பக்கத்துக் கால்நடை மருந்தகத்துக்குச் சொல்லுங்கள். 1962 என்ற எண்ணையும் அழைக்கலாம். நாளை பார்க்கலாம் என்று தள்ளாதீர்கள். மற்ற வாத்துகளைப் பட்டியிலேயே அடைத்துவையுங்கள். விற்கவோ, உறவினர் வீட்டுக்கு அனுப்பவோ, அவசரமாக அறுக்கவோ வேண்டாம்.

செத்த வாத்தை வெறுங்கையால் தொடாதீர்கள். கையில் இரண்டு பிளாஸ்டிக் பையைச் சுற்றிக்கொண்டு, முகத்தை மூடிக்கொண்டு எடுத்து, நிழலில் வைத்து, நாயும் காக்கையும் இழுக்காதபடி அண்டாவால் கவிழ்த்து மூடுங்கள். கிழித்துப் பார்க்கக் கூடாது. வாய்க்காலில் வீசுவது இருப்பதிலேயே மோசமான காரியம். பூனைக்கும் போடாதீர்கள்; பூனைக்கும் இந்த நோய் வரும், சாகும்.

மருத்துவர் வந்து தொண்டையிலும் ஆசனவாயிலும் பஞ்சுக் குச்சியால் மாதிரி எடுப்பார். அது போபாலில் உள்ள தேசிய உயர் பாதுகாப்பு விலங்கு நோய் ஆய்வு நிறுவனத்துக்குப் போகும். நோய் உறுதியானால் சுற்றி ஒரு கிலோமீட்டருக்குள் இருக்கும் வளர்ப்புப் பறவைகளைக் கொன்று அப்புறப்படுத்துவார்கள். பத்துக் கிலோமீட்டர் வரை கண்காணிப்பு இருக்கும்.

இந்தப் பயத்தில்தான் பலர் மறைக்கிறார்கள். வளர்த்தவருக்கு அது எவ்வளவு வலிக்கும் என்று எனக்குப் புரிகிறது. ஆனால் கணக்காகப் பார்த்தாலும் மறைப்பது நஷ்டம்தான். இழப்பீடு பொதுவாக அதிகாரிகள் கொல்லும் பறவைகளுக்குத்தான், தானாகச் செத்தவற்றுக்கு இல்லை. நீங்கள் காத்திருக்கும் ஒவ்வொரு நாளும் அந்தத் தொகை குறைந்துகொண்டே போகும். வாத்து எண்ணிக்கையை ஒரு நோட்டில் தேதியோடு எழுதிவருவது அப்போது உதவும்.

படி 7: சமையலும் உங்கள் உடம்பும்

கறியின் நடுப்பகுதி வரை 70 டிகிரி சூடு ஏறினால் வைரஸ் அழியும். நம் குழம்பு கொதிப்பதில் அது தாராளமாக நடக்கும். ஆபத்து சமைத்த கறியில் இல்லை, இறகு பிடுங்குவதிலும் பச்சைக் கறியைக் கையாள்வதிலும்தான் இருக்கிறது. அரைவேக்காட்டு முட்டை வேண்டாம். 2025 மார்ச்சில் ஆந்திரத்தின் பல்நாடு மாவட்டத்தில் 2 வயதுக் குழந்தை எச்5என்1 தாக்கி இறந்தது. பச்சைக் கோழிக்கறித் துண்டைத் தின்றதாகக் குடும்பத்தினர் சொன்னார்கள். கறி வெட்டும் இடத்துக்குக் குழந்தைகளை விடாதீர்கள்.

நோயுற்ற பறவைகளைத் தொட்டிருந்தால் அடுத்த 10 நாள் உடம்பைக் கவனியுங்கள். காய்ச்சல், இருமல், கண் சிவப்பு, மூச்சு வாங்குதல் எது வந்தாலும் மருத்துவமனைக்குப் போங்கள். போனதும் முதல் வார்த்தையாக "வீட்டில் வாத்து செத்தது, நான் தொட்டேன்" என்று சொல்லுங்கள். சொல்லாவிட்டால் சாதாரணக் காய்ச்சல் என்றே மாத்திரை கொடுப்பார்கள். இதற்கு ஓசல்டமிவிர் என்ற மருந்து இருக்கிறது. அறிகுறி தொடங்கிய இரண்டு நாளுக்குள் ஆரம்பித்தால் நல்ல பலன் கிடைக்கும்.