ஈரல் காய்வதில்லை, இறுகுகிறது: ஃபைப்ரோசிஸில் நாம் செய்யும் தவறுகள்

ஈரலில் நார் படிந்து இறுகுவது ஃபைப்ரோசிஸ், அது முற்றிய நிலை சிரோசிஸ். இந்தச் சிரோசிஸுக்குப் பர்மிய மொழியில் ‘அத்தெ சௌக்’ என்று பெயர். அத்தெ என்றால் ஈரல், சௌக் என்றால் காய்ந்தது. ரங்கூனில் இருக்கும் நாமும் அதை அப்படியே தமிழாக்கி, “ஈரல் காஞ்சு போச்சாம்” என்று சொல்லிப் பழகிவிட்டோம். இந்தப் பெயரால் வரும் கெடுதல் கொஞ்சநஞ்சமல்ல. காய்ந்த ஒன்றுக்கு என்ன வைத்தியம் செய்வார்கள்? தண்ணீர் ஊற்றுவார்கள். என் மாமா ஒருவருக்கு வயிற்றில் நீர் கோத்துப் பானைபோல் உப்பியிருந்த நேரத்தில், வீட்டில் தினமும் இரண்டு வேளை கரும்புச்சாறு கொடுத்தார்கள். அவருக்குச் சர்க்கரை நோய் வேறு. ஈரலுக்குக் குளிர்ச்சி என்று யாரோ சொன்னார்களாம்.

ஈரல் காய்வதில்லை. கஞ்சி போட்ட வேட்டியை நினைத்துக்கொள்ளுங்கள். துணி அதே துணிதான், ஆனால் மொடமொடவென்று விறைத்து நிற்கிறது. ஈரலிலும் கிட்டத்தட்ட அதுதான் நடக்கிறது. ஈரல் செல்களுக்கும் அவற்றை ஒட்டி ஓடும் நுண்ணிய ரத்தக்குழாய்களுக்கும் நடுவே ஒரு மெல்லிய இடுக்கு உண்டு. அங்கே நட்சத்திர வடிவத்தில் சில செல்கள் இருக்கின்றன. 1876-இலேயே குப்ஃபர் என்ற ஜெர்மானியர் இவற்றைப் பார்த்து எழுதியிருக்கிறார். உடலில் உள்ள வைட்டமின் ஏ-யின் பெரும்பகுதியைச் சேமித்து வைப்பதுதான் சாதாரண நாளில் இவற்றின் வேலை. கிருமியாலோ, சாராயத்தாலோ, கொழுப்பாலோ ஈரல் செல்கள் சாகத் தொடங்கும்போது, டிஜிஎஃப்-பீட்டா என்ற புரதம் மூலம் இவற்றுக்குச் செய்தி போகிறது. உடனே இவை வைட்டமினைக் கைவிட்டு, கொலாஜன் என்னும் நாரை நூற்கத் தொடங்கிவிடும். காயத்தை மூடத்தான் அந்த நார். ஆனால் காயம் வருடக்கணக்கில் ஆறாமல் இருந்தால், நூற்பும் நிற்காது. ரத்தக்குழாயின் சுவரில் உள்ள சல்லடைத் துளைகள் அடைபடும், ரத்தம் ஈரலுக்குள் நுழையத் திணறும், குடலிலிருந்து ஈரலுக்கு ரத்தம் கொண்டுவரும் போர்ட்டல் சிரையில் அழுத்தம் ஏறும். வயிற்றில் நீர் கோப்பது, உணவுக்குழாயில் ரத்தநாளங்கள் புடைத்து வெடிப்பது எல்லாம் அந்த அழுத்தத்தின் விளைவுதான்.

இந்த நாரை வெட்டும் நொதிகளும் ஈரலிடமே இருக்கின்றன. காரணத்தை நீக்கிவிட்டால் நட்சத்திர செல்கள் அடங்கும், இல்லையென்றால் அழியும், நாரும் மெல்லக் கரையும். ஈரலைத் தாக்கும் ஹெபடைட்டிஸ் பி வைரஸ் உள்ள நோயாளிகளுக்கு 5 ஆண்டுகள் டெனோஃபோவிர் என்ற வைரஸ் மருந்தைக் கொடுத்துப் பார்த்த ஓர் ஆய்வு 2013-இல் வெளிவந்தது. முதலில் சிரோசிஸ் இருந்து, பிறகு மறுபடி ஈரல் திசு எடுத்துச் சோதிக்கப்பட்டவர்களில் 74 சதவீதம் பேருக்கு அந்த நிலை நீங்கியிருந்தது. ஆகவே “சிரோசிஸா, இனி ஒன்றும் செய்வதற்கில்லை” என்று கையை விரிப்பதுதான் என் கணக்கில் முதல் தவறு. எல்லோருக்கும் திரும்பிவிடும் என்று சொல்லவில்லை. முற்றிய நிலையில் மாற்று ஈரல்தான் வழி என்று ஆகிவிடுவதும் உண்டு.

அடுத்தது, மஞ்சள் காமாலைக்காகக் காத்திருப்பது. ஈரலுக்குள் வலி உணரும் நரம்பு கிடையாது. நார் பாதி ஈரலைப் பிடித்த பிறகும் ஆள் டீக்கடையில் உட்கார்ந்து மொஹிங்கா சாப்பிட்டுக்கொண்டு இருப்பார். “எஸ்ஜிபிடி நார்மல்தானே” என்பதும் ஆறுதல் ஆகாது. எஸ்ஜிபிடி, எஸ்ஜிஓடி இரண்டும் ஈரல் செல்கள் சேதமானால் ரத்தத்தில் ஏறும் நொதிகள். 56 வயதுக்காரர் ஒருவரை எடுத்துக்கொள்வோம். எஸ்ஜிஓடி 40, எஸ்ஜிபிடி 36. இரண்டும் பெரும்பாலான ஆய்வுக்கூடங்களின் வரம்புக்குள்தான். ரத்தம் உறைய உதவும் பிளேட்லெட் மட்டும் குறைவு, 1,20,000. இதற்கு ஃபிப்-4 என்று ஒரு கணக்கு இருக்கிறது. வயதை எஸ்ஜிஓடியால் பெருக்கி, பிளேட்லெட்டை ஆயிரத்தில் எடுத்து அதை எஸ்ஜிபிடியின் வர்க்கமூலத்தால் பெருக்கி வருவதைக் கொண்டு வகுக்க வேண்டும். 2,240-ஐ 720-ஆல் வகுத்தால் 3.1. இந்த எண் 1.3-க்குக் கீழே என்றால் முற்றிய நார் இருக்க வாய்ப்புக் குறைவு, 65 வயதைத் தாண்டியவர்களுக்கு 2 வரை விட்டுக்கொடுக்கலாம். 2.67-ஐத் தாண்டினால் கண்டிப்பாக மேற்கொண்டு பார்க்க வேண்டும். நம் ஆள் ‘நார்மல்’ ரிப்போர்ட்டை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு வீட்டுக்குப் போயிருப்பார்!

ஸ்கேனில் ‘ஃபேட்டி லிவர் கிரேடு 1’ என்று எழுதியிருப்பதை ஃபைப்ரோசிஸின் முதல் நிலை என்று எடுத்துக்கொள்வதும் பரவலான குழப்பம். கிரேடு என்பது கொழுப்பின் அளவு. நாரின் அளவு எஃப்0 முதல் எஃப்4 வரை தனியாகப் போகிறது, எஃப்4 என்றால் சிரோசிஸ். சாதாரண ஸ்கேனில் தொடக்கக் கட்ட நார் தெரியாது. அதற்கு ஈரலின் விறைப்பை அளக்கும் ஃபைப்ரோஸ்கேன் வேண்டும். அதற்கு மூன்று மணி நேரமாவது வெறும் வயிற்றோடு போங்கள். வயிறு நிறைய மோந்தி தின்றுவிட்டுப் போனால் எண் பொய்யாக ஏறும். காமாலை கொதித்துக்கொண்டிருக்கும் நேரத்திலும் அப்படித்தான்.

இனி கிருமிக்கு வருகிறேன். 2015-இல் மியான்மர் முழுக்க எடுத்த கணக்கில் 6.5 சதவீதம் பேருக்கு ஹெபடைட்டிஸ் பி, 2.7 சதவீதம் பேருக்கு ஹெபடைட்டிஸ் சி இருந்தது. நம்மவர்கள் இரண்டையும் ஒரே நோயாகப் பேசுகிறார்கள், அதில்தான் சிகிச்சையே கெடுகிறது. சி-யை முழுதாக ஒழிக்கலாம். சோஃபோஸ்புவிர், வெல்படாஸ்விர் சேர்ந்த மாத்திரை 12 வாரம், 100 பேரில் 95 பேருக்கு மேல் குணம். குணமான பிறகும், கிருமிக்கு எதிராக உடல் செய்த புரதத்தைத் தேடும் ஆன்டிபாடி சோதனை ‘பாசிட்டிவ்’ என்றே வரும். அதைப் பார்த்துப் பதறி மறுபடியும் மாத்திரைக்கு ஓட வேண்டாம், கிருமி இப்போது இருக்கிறதா என்று காட்டும் ஆர்என்ஏ சோதனைதான் பேசும். பி அப்படிப் போகாது. டெனோஃபோவிரோ என்டெகாவிரோ அதை அடக்கி வைக்கும், அவ்வளவுதான். “வைரஸ் இல்லை” என்று ரிப்போர்ட் வந்ததும் மாத்திரையைத் தானாக நிறுத்துபவர்கள் இருக்கிறார்கள். சில மாதங்களில் கிருமி திரும்பிச் சீறினால் சிரோசிஸ் ஈரல் அதைத் தாங்காது. சி-க்கு மருந்து தொடங்கும் முன் பி இருக்கிறதா என்றும் பார்த்துவிட வேண்டும், சி அடங்கும்போது பி தலை தூக்கலாம்.

பி இருப்பவரின் தட்டை ஒதுக்கி வைப்பார்கள், ஆனால் அவர் முகம் வழித்த பிளேடைக் கழுவிப் பயன்படுத்துவார்கள். தட்டால் பி பரவாது, ரத்தத்தால் பரவும். உடலுக்கு வெளியே காய்ந்த ரத்தத்தில் 7 நாள் வரை உயிரோடு இருக்கும். அதனால் திருவிழாவில் அலகு குத்தும் ஊசி ஆளுக்கு ஆள் தனியாக இருக்கிறதா என்று கேட்பது பக்திக் குறைவு ஆகாது. குழந்தை பிறந்தால் 24 மணி நேரத்துக்குள் பி தடுப்பூசி.

குடியைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். “நான் பியர் மட்டும்தான்” என்பார்கள். 650 மில்லி பாட்டில், 5 சதவீதம் என்றால் ஏறக்குறைய 26 கிராம் ஆல்கஹால். 60 மில்லி விஸ்கியில் 19 கிராம்தான். ஈரலுக்குப் பாட்டிலின் நிறம் தெரியாது.

குடிக்காதவர்களுக்கு டீக்கடை இருக்கிறது. கண்டென்ஸ்டு பால் ஊற்றிய இனிப்பு டீ நாளைக்கு ஐந்து, கூடவே பலகாரம், தொப்பை, சர்க்கரை. கொழுப்பால் வரும் நாருக்கு உடல் எடையில் 10 சதவீதம் குறைப்பதுதான் இன்றும் முதல் மருந்து. 2024-இல் அமெரிக்காவில் ரெஸ்மெடிரோம் என்ற மருந்து இதற்கு அனுமதி பெற்றது, அடுத்த ஆண்டு செமாகுளூடைடு என்ற மருந்தும் பெற்றது. இரண்டும் எஃப்2, எஃப்3 நிலைக்காரர்களுக்கு. சிரோசிஸுக்கு என்று கேட்டு வாங்கிப் பயனில்லை.

பத்தியம் என்ற பெயரில் பருப்பு, முட்டை, மீன் எல்லாவற்றையும் நிறுத்திக் கஞ்சியில் தள்ளுவது எனக்கு மிகவும் கோபம் வரவைக்கும் தவறு. சிரோசிஸில் உடல் தன் தசையையே தின்னும். கிலோவுக்கு 1.2 முதல் 1.5 கிராம் புரதம் வேண்டும், 60 கிலோ ஆளுக்குக் குறைந்தது 72 கிராம். இரவு படுக்கும் முன் சிறிது சாப்பிடுவதும் நல்லது. வயிற்றில் நீர் கோத்தவர் குறைக்க வேண்டியது உப்பைத்தான், நாளுக்கு 5 கிராமுக்குள். நப்பி என்னும் புளித்த மீன் விழுது, மீன்சாறு, ஊறுகாய் எல்லாம் அந்தக் கணக்கில் சேரும். கீழாநெல்லி பி-யை ஒழிக்கும் என்பதற்கு உறுதியான சான்று இல்லை. மஞ்சள் மாத்திரையை அதிக அளவில் விழுங்கி ஈரல் கெட்டவர்களும் உண்டு. சமையல் மஞ்சளைச் சொல்லவில்லை.

வலி வந்தால் பாரசிட்டமாலுக்குப் பயந்து டைக்ளோஃபினாக் போடுகிறார்கள், அது தலைகீழ். சிரோசிஸில் டைக்ளோஃபினாக்கும் ஐபுப்ரோஃபெனும் சிறுநீரகத்தைக் கவிழ்க்கும், ரத்தக் கசிவையும் கொண்டுவரும். பாரசிட்டமால் நாளுக்கு 2 கிராமுக்குள் என்றால் பெரும்பாலும் தாங்கும். குடிப்பவர்கள் டாக்டரைக் கேட்டுக்கொள்ளட்டும்.

அப்புறம், மருந்து வேலை செய்துவிட்டது என்று ஆஸ்பத்திரிப் பக்கமே போகாமல் இருப்பது. சிரோசிஸ் வந்த ஈரலில், சி முழுக்கக் குணமான பிறகும், புற்று வரும் அபாயம் போவதில்லை. ஆறு மாதத்துக்கு ஒரு அல்ட்ராசவுண்ட் ஸ்கேன் எடுத்தே ஆக வேண்டும். என் மாமாவுக்கு இருந்தது பி. கரும்புச்சாறு நின்று, மாத்திரை தொடங்கி, வயிறு வற்றிவிட்டது. தேதி நினைவில் நிற்காது என்பதால் ஸ்கேனைப் பண்டிகையோடு கட்டிவிட்டார். ஏப்ரலில் திஞ்ஞான் தண்ணீர்த் திருவிழாவுக்கு எல்லாக் கடையும் அடைக்கும் முன் ஒன்று, அக்டோபரில் ததிஞ்சுட் விளக்கு ஏற்றும் வாரத்தில் ஒன்று.