ரொமாண்டிக் காலத்து இயற்கை ஓவியங்கள்: பார்க்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

மலை, புயல், பனிப்பாறை, ஆளரவமற்ற கடற்கரை. பதினெட்டாம் நூற்றாண்டின் பிற்பகுதியிலிருந்து பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுப்பகுதி வரை ஐரோப்பிய ஓவியர்கள் பலர் இவற்றின் பக்கம் திரும்பினார்கள். உணர்ச்சிக்கும் கற்பனைக்கும் முதலிடம் கொடுத்த அக்காலக் கலை இயக்கமான ரொமாண்டிசிசம் என்றதும் பலருக்கும் முதலில் நினைவுக்கு வருவது இந்தப் படங்கள்தான். ஓவியர் காட்டுக்குப் போனார், மனம் பொங்கியது, பொங்கியதைத் துணியில் கொட்டினார் என்று ஒரு கதையும் கூடவே வரும். பெரும்பாலான தவறான வாசிப்புகளுக்கு இந்தக் கதைதான் வேர். இந்தப் படங்கள் பல, ஆண்டுக்கணக்கில் சேர்த்த குறிப்பேடுகளிலிருந்து நான்கு சுவருக்குள் கணக்குப் போட்டுக் கட்டப்பட்டவை. அந்த உழைப்பைக் காணாமல் விட்டால் பாதிப் படத்தை இழந்துவிடுகிறோம். ஜெர்மன் ஓவியர் காஸ்பர் டேவிட் ஃப்ரீட்ரிக்கை (1774–1840) நடுவில் வைத்துப் பேசுகிறேன்.

இது எந்த ஊர் மலை என்று தேடுவது

பாறை உச்சியில் கைத்தடி ஊன்றி, நமக்கு முதுகு காட்டி நிற்கும் மனிதர். கரும்பச்சைக் கோட்டு, காற்றில் கலைந்த செம்பட்டை முடி, காலுக்குக் கீழே மூடுபனி. ஃப்ரீட்ரிக் 1818 வாக்கில் வரைந்த ‘மூடுபனிக் கடலின் மேல் நாடோடி’ இது. சுற்றுலாப் பதிவுகளில் இந்தப் படத்தைப் போட்டு, ‘இந்த இடத்துக்குப் போய் நின்றால் இதே காட்சி’ என்பார்கள். போய் நின்றால் கிடைக்காது. அந்த மனிதர் நிற்கும் பாறைக்கு மூலம் டிரெஸ்டனுக்குத் தென்கிழக்கே, எல்ப நதிக்கரை மணற்பாறை மலைகளில் உள்ள கைசர்க்ரோன குன்று. அதை அவர் 1813-ல் பென்சிலால் வரைந்து வைத்திருந்தார். பின்னணியில் தெரியும் குன்றுகள் அதே வட்டாரத்தின் வேறு வேறு இடங்களிலிருந்து எடுக்கப்பட்டவை. ஐந்தாண்டு கழித்து எல்லாவற்றையும் ஒரே துணியில் சேர்த்தார்.

ஆல்ப்ஸின் வாட்ஸ்மான் சிகரத்தை 1824–25-ல் பிரம்மாண்டமாக வரைந்தார். அந்தச் சிகரத்தை அவர் நேரில் பார்த்ததே இல்லை. மாணவர் ஆகஸ்ட் ஹைன்ரிக் அங்கே போய் வரைந்த நீர்வண்ணப் படத்தை ஆதாரமாகக் கொண்டார். முன்னால் உள்ள பாறையைத் தான் முன்பு ஹார்ட்ஸ் மலையில் வரைந்த படத்திலிருந்து எடுத்தார். ‘பனிக்கடல்’ இன்னும் வியப்பானது. கூரிய பனிப்பாளங்கள் ஒன்றன்மேல் ஒன்று ஏறிக் கிடக்க, வலப்பக்கம் ஒரு கப்பல் நொறுங்கிப் புதைந்திருக்கும். வடதுருவப் பயணச் செய்திகள் ஐரோப்பா முழுக்கப் பேசப்பட்ட காலம் அது. ஃப்ரீட்ரிக் துருவப் பக்கம் போனவரல்லர். 1820–21 குளிர்காலத்தில் எல்ப நதி உறைந்து உடைந்தபோது, பனிச்சில்லுகளை எண்ணெய் வண்ணத்தில் சிறுசிறு படங்களாக வரைந்துவைத்தார். ஊர் ஆற்றுப் பனியிலிருந்துதான் அந்தத் துருவம் முளைத்தது.

‘அப்படியானால் இது பொய்தானே’ என்று சிலர் ஏமாற்றமடைகிறார்கள். அதுவும் இதே தவறின் இன்னொரு முகம்தான். பெரும்பாலான மரங்களும் பாறைகளும் அவர் நேரில் பார்த்து வரைந்தவை. தன் பென்சில் படங்களில் கண்மட்டம் எங்கே இருக்கிறது என்றுகூடக் குறித்துவைத்தார். ஒரே மரத்தின் குறிப்புப்படம் பல ஆண்டுகள் கழித்து வேறொரு ஓவியத்தில் வந்து நிற்கும். துண்டுகள் உண்மையானவை, அவற்றை எப்படிச் சேர்ப்பது என்பதில்தான் அவர் கலை இருக்கிறது.

காட்டில் உட்கார்ந்து வரைந்தார் என்று நினைப்பது

நண்பர் கேயோர்க் ஃப்ரீட்ரிக் கெர்ஸ்டிங் 1811-ல் ஃப்ரீட்ரிக்கின் வேலையறையை ஓவியமாக வரைந்தார். அந்த அறையைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். வெறும் சுவர். சுவரில் வண்ணத்தட்டுகளோடு நேர்கோடு போட உதவும் ஒரு டி-ஸ்கொயரும் மூலைமட்டமும் தொங்குகின்றன. ஒரு ஜன்னல் முழுக்க அடைபட்டிருக்கிறது. இன்னொன்றின் கீழ்ப்பாதி பலகையால் மூடியிருக்கிறது. வெளிச்சம் மேலிருந்து மட்டும் வர வேண்டும், வெளிக்காட்சி கண்ணில் படக்கூடாது. அந்த அறைக்குள் உட்கார்ந்து அவர் வரைந்துகொண்டிருப்பது ஓர் அருவி! ரொமாண்டிசிசம் என்றால் கட்டுப்பாடற்ற உணர்ச்சி என்று சொல்பவர்களிடம் நான் முதலில் காட்டுவது இந்தப் படத்தைத்தான்.

ஓவியர்களே பரப்பிய கதைகளிலும் கவனம் வேண்டும். ஆங்கில ஓவியர் டர்னர் 1842-ல் காட்சிக்கு வைத்த பனிப்புயல் படத்தில், நீராவிப் படகு ஒன்று சுழலுக்குள் தத்தளிக்கும். ‘ஏரியல்’ என்ற கப்பல் ஹார்விச் துறைமுகத்திலிருந்து கிளம்பிய இரவில் இந்தப் புயலுக்குள் நானும் இருந்தேன் என்று படத்தலைப்பிலேயே எழுதினார். மாலுமிகளிடம் சொல்லித் தன்னைக் கொடிமரத்தில் கட்டச் செய்து, நான்கு மணி நேரம் புயலைப் பார்த்ததாகவும் சொன்னார். அப்போது அவருக்கு வயது அறுபதைத் தாண்டியிருந்தது. அப்படியொரு பயணத்துக்குச் சான்று கிடைக்கவில்லை. அதே கொடிமரக் கதை அவருக்கு முன்பே பிரெஞ்சுக் கடலோவியர் ஜோசஃப் வெர்னேயைப் பற்றியும் சொல்லப்பட்டது. பேரன் ஹொராஸ் வெர்னே 1822-ல் அதை ஓவியமாகவே வரைந்திருக்கிறார்.

டர்னர் வேலை செய்த விதத்துக்கு இதைவிட நல்ல சான்று ஒன்று உண்டு. 1810-ல் யார்க்‌ஷயரில் நண்பர் ஃபாக்ஸின் ஃபார்ன்லி மாளிகையில் தங்கியிருந்தபோது, பள்ளத்தாக்கின் மேல் இடிமழை உருண்டு வந்தது. ஒரு கடிதத்தின் பின்பக்கத்தில் அதன் வடிவத்தையும் நிறத்தையும் குறித்துக்கொண்டார். இரண்டு வருடத்தில் இதை மறுபடி பார்ப்பாய், பெயர் ‘ஆல்ப்ஸைக் கடக்கும் ஹன்னிபால்’ என்று ஃபாக்ஸின் மகனிடம் சொன்னாராம். 1812-ல் லண்டன் ராயல் அகாடமி கண்காட்சியில் அந்தப் படம் தொங்கியது. 1802-ல் போய்ப் பார்த்த ஆல்ப்ஸ், யார்க்‌ஷயர் மேகம், ரோம் மீது படையெடுத்த ஹன்னிபாலின் வரலாறு மூன்றும் ஒரே படத்தில்.

ஒற்றைக் காரணத்தில் முடித்துவிடுவது

1787-ல் ஃப்ரீட்ரிக்கின் தம்பி நீரில் மூழ்கி இறந்தான். அதனால்தான் பனி, அதனால்தான் சோகம் என்று முடித்துவிடுகிறார்கள். அந்த இழப்பு அவரை ஆட்டியிருக்கும், ஐயமில்லை. ஆனால் பனிச்சில்லை நாள்கணக்கில் கூர்ந்து பார்த்த கண்ணை அது விளக்காது.

இன்னொன்று எரிமலை. 1815 ஏப்ரலில் இந்தோனேசியாவின் தம்போரா வெடித்தது. அடுத்த ஆண்டு ஐரோப்பாவில் கோடைக்காலமே இல்லாமல் போனது. எனவே அக்காலத்து ஓவியங்களின் சிவந்த வானமெல்லாம் எரிமலைத் தூசி என்று ஒரு விளக்கம் சுற்றுகிறது. அந்தத் தூசிமண்டலம் சில ஆண்டுகளில் அடங்கிவிடும். இதற்கு உதாரணமாக அடிக்கடி காட்டப்படும் டர்னரின் சிச்செஸ்டர் கால்வாய் ஓவியமோ 1828 வாக்கில் வரையப்பட்டது. ஃப்ரீட்ரிக் மலைமேல் சிலுவைக்குப் பின்னால் சிவந்த வானத்தை வரைந்த ஆண்டு 1808, எரிமலை வெடிக்கும் முன்பே.

எல்லாரையும் ஒரே கூடையில் போடுவது

இன்னொரு ஆங்கில ஓவியரான கான்ஸ்டபிளையும் டர்னரையும் ஒரே மூச்சில் ‘காட்டு இயற்கையின் ஓவியர்கள்’ என்பது வழக்கம். கான்ஸ்டபிள் 1806-ல் இங்கிலாந்தின் ஏரி மாவட்டத்து மலைகளுக்குப் போனார். அந்தத் தனிமை மனதை அழுத்தியதாகச் சொன்னார். அவருக்கு ஆலைக்காரரான தன் தந்தை தொழில் நடத்திய ஸ்டூர் நதிக்கரை போதும். படகு ஓடும் மதகுகள், அறுவடை வயல், ஆற்றில் இறங்கி நிற்கும் வண்டி. ‘வைக்கோல் வண்டி’ (1821) உழைப்பு நடக்கும் இடத்தின் படம். அதில் காடு இல்லை. அதையும் முழு அளவில் ஓர் எண்ணெய் வண்ண வரைவு போட்டுப் பார்த்த பிறகே லண்டனில் வரைந்தார். 1824-ல் பாரிஸ் சலோன் கண்காட்சியில் அதற்குத் தங்கப் பதக்கம் கிடைத்தது.

கான்ஸ்டபிளின் காட்டுத்தன்மை வானத்தில் இருக்கிறது. 1821, 1822 இரண்டு ஆண்டுகளும் லண்டனின் ஹாம்ப்ஸ்டெட் மேட்டில் மேகங்களை மட்டும் வரைந்தார். 1822-ல் மட்டும் சுமார் 50 படங்கள் வரைந்ததாக நண்பருக்கு எழுதினார். பல படங்களின் பின்புறத்தில் நாள், நேரம், காற்றின் திசை எல்லாம் எழுதியிருக்கும். ஆங்கில வானிலை ஆய்வாளர் லூக் ஹோவர்ட் மேகங்களுக்குப் பெயரிட்டு வகைபிரித்து இருபது ஆண்டுகூட ஆகவில்லை. அதே ஹோவர்டின் முறைப்படி மேகங்களை வரைந்து தரும்படி 1816-ல் கவிஞர் கெதே ஃப்ரீட்ரிக்கிடம் கேட்டபோது, அவர் மறுத்துவிட்டார். மேகத்தை வகைப்பாட்டுக்குள் அடைப்பது அவருக்கு ஒப்பவில்லை. ஒரே மேகத்தைப் பற்றி இரண்டு பெரும் ஓவியர்களுக்கு இப்படி இரண்டு மனம். ரொமாண்டிக் ஓவியம் அறிவியலுக்கு எதிரி என்றும், இல்லை நண்பன் என்றும் ஒரே வரியில் சொல்ல முடியாதது இதனால்தான்.

உலகத்தைவிட்டு ஓடிப்போன கலை என்று ஒதுக்குவது

மலைகளிடம் மனிதருக்கு எப்போதும் இந்த ஈர்ப்பு இருந்ததில்லை. ஆல்ப்ஸின் மிக உயர்ந்த சிகரமான மோன் பிளாங்கை ஒருகாலத்தில் ‘சபிக்கப்பட்ட மலை’ என்றார்கள். உச்சியை மனிதர் தொட்டது 1786-ல்தான். அச்சம் தருவதும் இன்பமாகலாம், ஆபத்து நம்மைத் தொடாத தூரத்தில் இருக்கும்வரை என்று சிந்தனையாளர் எட்மண்ட் பர்க் 1757-ல் எழுதியிருந்தார். உன்னதம் என்று விமரிசகர்கள் பேசும் அந்த அனுபவம், பாதுகாப்பாக நின்று பார்க்க முடிந்தவர்களுக்குக் கிடைத்தது. இந்த ரசனைக்கும் ஒரு வரலாறு உண்டு.

அரசியலும் உண்டு. 1814-ல் ஃப்ரீட்ரிக் காட்சிக்கு வைத்த படமொன்றில், நெப்போலியன் படையின் வீரன் ஒருவன் குதிரையை இழந்து பனி மூடிய ஃபிர் காட்டுக்குள் தனியே நடந்து போகிறான். மரங்கள் சுவராக எழுந்து நிற்கின்றன. முன்னால் வெட்டிய மரத்தின் அடிக்கட்டைமேல் ஓர் அண்டங்காக்கை. பிரெஞ்சு ஆக்கிரமிப்பிலிருந்து அப்போதுதான் விடுபட்டிருந்த ஜெர்மானியர்களுக்கு இதை யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை. நிலவைப் பார்த்து நிற்கும் இருவரை 1819–20-ல் வரைந்தார். அவர்கள் உடுத்தியிருக்கும் பழைய ஜெர்மன் பாணிக் கோட்டும் தொப்பியும், அப்போது அரசு ஒடுக்கிக்கொண்டிருந்த தேசியவாத மாணவர்களின் அடையாளம். நிலா, வேர் பெயர்ந்த மரம், பாறை என்று மட்டும் பார்த்தால் இது தப்பிவிடும்.

பிரான்ஸில் விளைவு வெளிப்படையாகவே இருந்தது. ஃபோன்டென்ப்ளோ காட்டின் பழைய ஓக் மரங்களை வெட்டுவதை எதிர்த்து, பார்பிசான் ஊரில் தங்கி வரைந்த தியோடோர் ரூசோ மூன்றாம் நெப்போலியன் அரசிடம் முறையிட்டார். 1861-ல் ஆயிரம் ஹெக்டேருக்கும் மேற்பட்ட காடு ஓவியர்களுக்காகவே ஒதுக்கிப் பாதுகாக்கப்பட்டது. அமெரிக்காவின் யெல்லோஸ்டோன் தேசியப் பூங்கா வந்ததே அதற்குப் பிறகு, 1872-ல்தான்.

நாடோடியை வெற்றி வீரனாக்குவது

இது என்னை உண்மையிலேயே வருத்தும் தவறு. அந்தப் பாறைமனிதரைத் தன்னம்பிக்கை வாசகங்களோடு பகிர்கிறார்கள். படத்தில் அவர் முகம் இல்லை. ஏறி வந்த வழி தெரியாது. இறங்கவும் வழி இல்லை. மூடுபனி நிலத்தை விழுங்கியிருக்கிறது. இருபக்கக் குன்றுகளின் சரிவும் அவர் நெஞ்சருகே வந்து கூடுவதால் நம் கண் அவரிடமே போய் மோதி நிற்கிறது. அவர் பார்ப்பதில் பாதியை அவர் உடலே மறைக்கிறது. இறந்த ஒருவரின் நினைவுக்காக வரையப்பட்ட படம் என்று வாசித்த ஆய்வாளர்களும் உண்டு. வென்றாரா, வழிதவறினாரா, இறந்துவிட்டாரா என்று தீர்மானிக்க விடாமல் வைத்திருப்பதில்தான் அந்தப் படத்தின் வலு. அது ஹாம்பர்க் கலைக்கூடத்துக்கு வந்ததே 1970-ல்தான். இன்றைய புகழ் அதற்குப் பிந்தியது.

கைப்பேசித் திரையில் பார்த்து முடிவு கட்டுவது

‘கடலோரத் துறவி’ (1808–10) ஏறக்குறைய 110 சென்டிமீட்டர் உயரம், 171 சென்டிமீட்டர் அகலம். கீழே வெளிறிய மணல், அதன்மேல் ஒடுங்கிய கருங்கடல், மீதியெல்லாம் வானம். ஒரே ஒரு துறவி. திரையில் அவர் ஒரு புள்ளிதான். ஓரத்தில் மரமோ பாறையோ வைத்துக் காட்சிக்குச் சட்டம் கட்டுவது அன்றைய மரபு; இதில் அப்படி எதுவும் இல்லை. பார்க்கும்போது கண்ணிமையை வெட்டி எடுத்ததுபோல் இருக்கிறது என்று எழுத்தாளர் ஹைன்ரிக் ஃபோன் க்ளைஸ்ட் 1810-ல் எழுதினார். அகச்சிவப்புக் கதிரில் ஆராய்ந்தபோது அடியில் கப்பல்கள் தெரிந்தன. ஃப்ரீட்ரிக் முதலில் கப்பல்களை வைத்து, பிறகு எடுத்துவிட்டார். அந்த வெறுமை பார்த்துப் பார்த்துக் கழித்ததில் கிடைத்தது.

படியெடுத்த படங்களின் நிறத்தையும் நம்பிவிடக்கூடாது. 2016-ல் சீரமைப்பு முடியும்வரை இந்தப் படத்தின் மேல் மஞ்சளேறிய வார்னிஷ் படிந்திருந்தது. அதை நீக்கியபின் வானத்தில் நீலம் வெளிவந்தது. பழைய புத்தகங்களில் உள்ள படியைப் பார்த்து ‘இருண்ட ஓவியம்’ என்று எழுதியவர்கள் வார்னிஷைப் பற்றித்தான் எழுதினார்கள். சீரமைப்புக்குப் பிந்தைய படத்தைத் தேடி எடுத்து, துறவியைச் சுற்றிப் பறக்கும் கடற்பறவைகள் தெரியும்வரை பெரிதாக்கிப் பாருங்கள். ‘பனிக்கடல்’ பார்க்கும்போது, ஹாம்பர்க்கில் அதே கலைக்கூடத்தில் உள்ள எல்ப நதிப் பனிச்சில்லுப் படங்களையும் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள். எந்தச் சில்லு எந்தப் பாளமாக வளர்ந்தது என்று கண்ணாலேயே தொடரலாம்.