மௌன வெஸ்டர்ன் படத்துக்கு வேகம் வைக்கும் முறை

ஜான் ஃபோர்டு 1926-இல் இயக்கிய ‘3 பேட் மென்’னில், தந்தையைப் பறிகொடுத்த பெண்ணுக்கு மூன்று கொள்ளைக்காரர்கள் துணை நிற்கிறார்கள். அவர்களில் ஒருவன் தன் சகோதரியைக் கெடுத்தவனைத் தேடி அலைகிறான். இதை ஒலிப்பட வேகமான நொடிக்கு 24 பிரேமில் (பிரேம் என்பது சுருளிலுள்ள ஒரு தனிப்படம்) அப்படியே ஓட்டிவிட்டால், எடுத்த வேகம் அதைவிடக் குறைவு என்பதால், பழிவாங்க வருபவன் குடுகுடுவென்று ஓடி வருவதுபோல் தெரியலாம், அரங்கமே சிரித்துவிடும்.

35 மி.மீ. சுருளில் அடிக்கு 16 பிரேம். அதனால் 1000 அடி ரீல் 18 பிரேம் வேகத்தில் 14 நிமிடம் 49 நொடியும், 20-இல் 13 நிமிடம் 20 நொடியும், 24-இல் 11 நிமிடம் 7 நொடியும் ஓடும். 1910-களின் படமென்றால் 16–18-இல் தொடங்குங்கள், 1920-களின் நடுப்பகுதியென்றால் 20–22-இல். கேமராவைக் கையால் சுற்றிய காலம் அது. காட்சிக்குக் காட்சி வேகம் மாறும். எனவே ரீல் ரீலாகப் பாருங்கள்.

குதிரைத் துரத்தலை வைத்து மட்டும் முடிவெடுக்காதீர்கள். ஓட்டும்போது விறுவிறுப்பாகத் தெரிவதற்காக, கேமராவை வேண்டுமென்றே மெதுவாகச் சுற்றி அதை எடுப்பது வழக்கம். கோப்பையை எடுத்துக் குடிப்பது, சேணத்திலிருந்து இறங்குவது, கீழே விழும் தொப்பி, கொட்டும் தண்ணீர் இவற்றைப் பாருங்கள். விழும் பொருளை எந்த நடிகராலும் அவசரப்படுத்த முடியாது.

புரொஜெக்டரில் ஓட்டுவதானால் மூன்று இதழ் ஷட்டர் (ஒளியை விட்டுவிட்டு மறைக்கும் சுழல் தகடு) தேவை. இரண்டு இதழில் 18 பிரேம் ஓடினால் நொடிக்கு 36 முறைதான் ஒளி விழும், திரை துடிக்கும், மூன்றில் 54. சுருளுக்கு ஒளி விழும் சட்டமான ‘கேட்’ என்பதும் மௌனப் படத்துக்குரிய முழு அளவில் இருக்கட்டும். ஒலிப்பட கேட் போட்டால் ஒரு ஓரம் வெட்டுப்படும், அங்கே நிற்கும் கூட்டாளி காணாமல் போவான். பழைய நைட்ரேட் சுருள் கிடைத்தால் ஓட்டவே கூடாது, அது எளிதில் தீப்பற்றும். ஆவணக் காப்பகத்திடம் கொடுங்கள்.

டிஜிட்டலில் 20-ஐ 24 ஆக்க, ஒவ்வொரு ஐந்தாவது பிரேமையும் இரட்டியுங்கள். 18 என்றால் ஒவ்வொரு மூன்றாவதை. பிரேம்களைக் கலக்கும் வசதியை அணைத்துவிடுங்கள், இல்லாவிட்டால் குதிரைக்கால்களுக்கு நிழல் முளைக்கும்.

இரவுக் காட்சிகள் பலவும் பகலில் எடுத்து நீலச் சாயம் ஏற்றியவை. கறுப்பு வெள்ளைப் பிரதியில் பதுங்கித் தாக்குவது நடுப்பகலில் நடப்பதாகத் தெரியும். அந்த நீலத்தை மீட்கும்போது வெளிச்சப் பகுதிகளில் மட்டும் ஏற்றுங்கள். கறுப்பு கறுப்பாகவே இருக்க வேண்டும்.