துணை நடிகர் ஒருவரின் திரைவாழ்வைத் தொகுப்பது எப்படி?

1950-களின் ஹாலிவுட் படங்களிலும் தொலைக்காட்சித் தொடர்களிலும் சிறு வேடங்களில் வந்துபோன ஒரு நடிகரைப் பற்றி எழுத முற்படுவோர், இணையத்தில் கிடைக்கும் படப்பட்டியலைச் சரிபார்க்க வேண்டிய வரைவாக மட்டுமே கொள்ள வேண்டும். காவலராகவும் கார் ஓட்டுநராகவும் நடித்தவர்களின் பெயர்கள் அன்று பெரும்பாலும் திரையில் காட்டப்படவில்லை. பின்னாளில் முகத்தைப் பார்த்து ரசிகர்கள் சேர்த்த பெயர்களில் ஆள்மாறாட்டம் உண்டு. இரங்கல் குறிப்புகளில் வரும் 'நூற்றுக்கணக்கான படங்கள்' என்ற கணக்கும் நம்பத்தக்கதன்று.

முதலில் பெயரை உறுதிசெய்ய வேண்டும். ஒரே பெயரில் இருவர் தொழில் செய்வதை அமெரிக்கத் திரை நடிகர் சங்கம் அனுமதிக்காததால், பலர் இயற்பெயரைத் துறந்தே நடித்தார்கள். 2022-இல் பொதுப் பார்வைக்கு வந்த 1950-ஆம் ஆண்டு அமெரிக்க மக்கள்தொகைக் கணக்கெடுப்புப் படிவங்களில் பெயர், வயது, தொழில் ஆகியவற்றைப் பார்க்கலாம்.

அடுத்து, ஆஸ்கர் விருது வழங்கும் அகாடமி 1937 முதல் வெளியிட்ட நடிகர் கையேட்டை ஆண்டுவாரியாகப் புரட்டுவது நல்லது. புகைப்படத்துடன் முகவர் பெயரையும் தரும் அக்கையேட்டில், கதாநாயகர் பிரிவில் இருந்தவர் எந்த ஆண்டில் குணச்சித்திரப் பிரிவுக்கு மாறினார் என்பது தெரியவரும். எந்த நேர்காணலையும்விட இது நேர்மையான சான்று என்பேன். பெவர்லி ஹில்ஸில் உள்ள மார்கரெட் ஹெரிக் நூலகத்தில் இத்தகைய ஆவணங்களைத் தேடலாம்.

தொலைக்காட்சிப் பணியைத் தேடுவதுதான் கடினம். நியூயார்க்கிலிருந்து நேரலையாக ஒளிபரப்பான நாடகங்களில் பல பதிவுசெய்யப்படவே இல்லை. 1956-இல் மூடப்பட்ட டுமாண்ட் தொலைக்காட்சி நிறுவனத்தின் பதிவுகளும் பெரும்பாலும் அழிந்துவிட்டன. ஆகவே நாளிதழ்களின் நிகழ்ச்சி நிரலே துணை. ஆனால் அது அறிவிப்பே தவிர, அவர் நடித்ததற்கான சான்றாகாது. மறுநாள் வந்த விமர்சனத்தையும் சேர்த்துப் பார்க்க வேண்டும்.

இடைவெளிகளுக்கு அவசரப்பட்டுக் காரணம் கற்பிக்கக் கூடாது. தங்களுக்குச் சொந்தமான திரையரங்குகளைக் கைவிடுமாறு ஸ்டுடியோக்களை நெருக்கிய 1948-ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றத் தீர்ப்புக்குப் பின், ஸ்டுடியோக்களுடன் நீண்டகால ஒப்பந்தம் பெற்ற நடிகர்கள் குறைந்தார்கள். 151 பேரைக் கம்யூனிஸ்டு தொடர்புடையவர்களாகச் சுட்டி 1950-இல் வெளியான 'ரெட் சேனல்ஸ்' பட்டியலால் வேலை இழந்தவர்களும் உண்டு; ஆயினும் அதில் பெயர் இல்லாதவரும் ஒதுக்கப்பட்டிருக்கலாம், வெறுமனே மேடை நாடகத்துக்கும் போயிருக்கலாம்.

தொகுக்கும்போது வெளியீட்டுத் தேதியைவிட, திரைத்தொழில் இதழ்களின் படப்பிடிப்பு அட்டவணைகளைக் கொண்டு வரிசைப்படுத்துவதே சரி. ஒவ்வொரு வேடத்துக்கும் எதிரே அதன் ஆதாரத்தைக் குறித்து, முகத்தை மட்டும் வைத்துக் கண்டறிந்தவற்றைத் தனிப்பிரிவில் வைக்க வேண்டும்.